போர் ஆதரவுத் தமிழ்த் திரைப்படங்கள்

போர் ஆதரவுத் தமிழ்த் திரைப்படங்கள் என்பவை இரண்டாம் உலகப் போரின் இறுதிக் கட்டத்தில், பிரித்தானிய இந்திய அரசின் போர் முயற்சிக்கு மக்கள் ஆதரவைத் திரட்டும் நோக்குடன் சென்னை மாகாணத்தில் தயாரிக்கப்பட்ட கதைப் படங்களாகும். இவை யுத்தப் பிரசாரப் படங்கள் என்றும் கூறப்படும். கே. சுப்பிரமணியம் இயக்கிய மானசம்ரட்சணம், டி. ஆர். சுந்தரம் இயக்கிய பர்மா ராணி, கொத்தமங்கலம் சுப்பு இயக்கிய கண்ணம்மா என் காதலி ஆகிய மூன்றும் இவற்றுள் குறிப்பிடத்தக்கவை. இம்மூன்றும் 1945-ஆம் ஆண்டைச் சேர்ந்தவை. இவற்றில் எதிரியாகக் காட்டப்பட்ட நாடு ஜப்பான் ஆகும். அதே ஆண்டுகளில் ஜப்பானும் தான் கைப்பற்றிய நாடுகளைக் களமாகக் கொண்டு இதே வகையான படங்களைத் தயாரித்துக்கொண்டிருந்தது. சீனாவில் சாலை அமைக்கும் ஜப்பானியப் பொறியாளரைக் கதைத்தலைவனாகக் கொண்ட நெஸ்ஸா நோ சிக்காய் (1940) அவற்றுள் ஒன்று.

பின்னணி

1941 திசம்பரில் ஜப்பான் போரில் இறங்கியது. 1942 பெப்ரவரி 15 அன்று சிங்கப்பூரும், மார்ச் 8 அன்று ரங்கூனும் அதன் வசமாயின. இச்செய்திகள் பம்பாயையோ தில்லியையோ விடத் தமிழ்நாட்டை நேரடியாகத் தாக்கின. இராமநாதபுரம், தஞ்சாவூர், திருச்சி, மதுரை முதலிய மாவட்டங்களிலிருந்து (இன்றைய திண்டுக்கல் மாவட்டம் 1985 வரை மதுரை மாவட்டத்தின் பகுதியாகவே இருந்தது) பர்மாவுக்கும் மலாயாவுக்கும் சென்று பிழைத்தவர்கள் ஏராளம். 1931-ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி ரங்கூன் நகர மக்களில் பாதிக்கும் மேற்பட்டோர் இந்தியர் ஆவர். ரங்கூன் மீது குண்டு விழத் தொடங்கியதும் இவர்களில் இலட்சக்கணக்கானோர் அரக்கான் வழியாகவும் மணிப்பூர் வழியாகவும் கால்நடையாக இந்தியா நோக்கிப் புறப்பட்டனர். பசியாலும் மலேரியா, வாந்திபேதி போன்ற நோய்களாலும் வழியிலேயே பல்லாயிரம் பேர் இறந்தனர்.

1942 ஏப்ரல் 6 அன்று விசாகப்பட்டினமும் காக்கிநாடாவும் ஜப்பானிய விமானங்களின் தாக்குதலுக்கு உள்ளாயின. சென்னை நகரை மக்கள் காலி செய்யத் தொடங்கினர்; அரசு அலுவலகங்கள் பலவும் உள்நாட்டு ஊர்களுக்கு மாற்றப்பட்டன. 1943 அக்டோபரில் சென்னை மீதே ஒரு ஜப்பானிய விமானம் குண்டு வீசியது. சேதம் சிறிதே எனினும் அச்சம் பெரிதாக இருந்தது.

அரசியல் சூழல் இதைவிடச் சிக்கலானது. மக்களைக் கேட்காமலேயே இந்தியா போரில் இழுத்துவிடப்பட்டதைக் கண்டித்து 1939-இல் காங்கிரசு அமைச்சரவைகள் பதவி விலகின. 1942 ஆகத்தில் வெள்ளையனே வெளியேறு இயக்கம் தொடங்கியது. இராசாசி அதை ஏற்கவில்லை. பொதுவுடைமைக் கட்சி, சோவியத் ஒன்றியம் தாக்கப்பட்ட பின்னர் இதை மக்கள் போர் என அறிவித்து ஆதரித்தது. ஆகவே போருக்கு ஆதரவான படம் ஒன்றை எடுப்பவர் யாரை மனத்தில் கொண்டு எடுப்பது என்பதே தெளிவற்றிருந்தது. பார்வையாளரில் ஒரு பகுதியினர் பர்மாவில் உறவினரை இழந்தவர்கள். அதே கொட்டகையில் சிறை சென்று திரும்பியவர்களும் இருந்திருப்பர்.

படச்சுருள் கட்டுப்பாடு

இப்படங்கள் தோன்றியதற்கு நாட்டுப்பற்றோ அரசப்பற்றோ முதற்காரணம் அன்று. கச்சாப் படச்சுருளே காரணம். அக்காலத்தில் இந்தியாவில் படச்சுருள் தயாரிக்கப்படவில்லை. (உதகமண்டலத்தில் இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் தொழிற்சாலை 1960-களில்தான் ஏற்பட்டது.) செருமனியின் ஆக்ஃபா நிறுவனச் சுருள் போரினால் நின்றுபோனது. அமெரிக்காவிலிருந்தும் பிரித்தானியாவிலிருந்தும் வரவேண்டிய சுருளுக்குக் கப்பலில் இடம் கிடைப்பது அரிதாயிற்று. வான்வழி வேவு பார்க்கும் படைகளுக்கும் ஒளிப்படச் சுருள் பெருமளவில் தேவைப்பட்டது. அக்காலப் படச்சுருளின் அடிப்பொருளான நைட்ரோசெல்லுலோசு, வெடிமருந்துக்கும் மூலப்பொருள் என்பதும் இங்கு நினைவுகூரத்தக்கது.

1942-இல் ஒரு படத்தின் நீளம் 11,000 அடியைத் தாண்டக்கூடாது என அரசு ஆணையிட்டது. 35 மி.மீ. சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டகங்கள் உள்ளன. நொடிக்கு 24 சட்டகங்கள் ஓடுவதால் நிமிடத்திற்கு 90 அடி செலவாகும். எனவே 11,000 அடி என்பது ஏறத்தாழ 2 மணி 2 நிமிடங்கள். அதற்கு முன்னர் 18,000 அடி, அதாவது 3 மணி 20 நிமிடம் ஓடும் படம் தமிழில் வியப்புக்குரியதன்று. பாட்டுகளின் எண்ணிக்கை குறையவும், கதையோடு ஒட்டாத தனி நகைச்சுவைப் பகுதிகள் சுருங்கவும் இவ்வாணை வழிவகுத்தது. பெரும் வெற்றி பெற்ற ஹரிதாஸ் (1944) இவ்வரம்புக்குள் எடுக்கப்பட்ட படமே. போர்க்காலக் கட்டுப்பாடு தமிழ்ப் படத்திற்குச் செய்த நன்மை என ஏதேனும் ஒன்றைக் கூறவேண்டுமானால் இதனைக் கூறலாம்.

1943-இல் படச்சுருள் வழங்கலே உரிம முறையின் கீழ் வந்தது. உரிமம் பெற்ற தயாரிப்பாளர் போருக்கு ஆதரவான படத்தையும் எடுக்கவேண்டும் என்ற நெருக்குதல் இதன்பின் உருவானது. வெளிப்படையான தடையைவிட இம்முறை வலிமை மிக்கது. தடை செய்யப்பட்ட படமாவது முதலில் எடுக்கப்பட்டிருக்கும். சுருள் மறுக்கப்பட்டால் படமே இல்லை. படப்பிடிப்பு நிலையத்தில் மாதச் சம்பளம் வாங்கும் நூற்றுக்கணக்கான நடிகர்களையும் தொழிலாளரையும் வைத்திருந்த முதலாளிக்குச் சுருள் கிடைக்காமற்போவது நிலையத்தை மூடுவதற்குச் சமமானது.

இதனுடன், திரையரங்குகள் ஒவ்வொரு காட்சியிலும் அரசு ஏற்பளித்த செய்திப் படங்களையும் குறும்படங்களையும் காட்டவேண்டும் என்பது இந்தியப் பாதுகாப்பு விதிகளின் கீழ் 1943-இல் கட்டாயமாக்கப்பட்டது. இன்பர்மேசன் பிலிம்சு ஆப் இந்தியா என்ற அரசு அமைப்பு இவற்றைத் தமிழ் உள்ளிட்ட மொழிகளில் வெளியிட்டது. கதைப் படங்கள் இக்குறும்படங்கள் எட்டாத இடத்தை எட்டும் என அரசு எதிர்பார்த்தது.

திரைப்படங்கள்

மூன்று படங்களுள் இன்றும் பரவலாகப் பேசப்படுவது பர்மா ராணி ஆகும். சேலம் மாடர்ன் தியேட்டர்சு நிறுவனம் இதனைத் தயாரித்தது. நிறுவன உரிமையாளரான டி. ஆர். சுந்தரம் இங்கிலாந்தின் லீட்சு நகரில் நெசவுத் தொழில்நுட்பம் பயின்றவர். 1930-களின் நடுவில் சேலத்தில் படப்பிடிப்பு நிலையம் நிறுவி, ஆலை ஒன்றை நடத்துவது போன்ற ஒழுங்குடன் படங்களைத் தயாரித்தார். கடற்கரையிலிருந்து வெகு தொலைவில் அமைந்திருந்ததால், சென்னை நிலையங்களைக் கலக்கிய விமானத் தாக்குதல் அச்சம் சேலத்தில் அவ்வளவாக இல்லை.

ஜப்பானியரின் ஆட்சிக்குட்பட்ட பர்மாவில் சிக்கிக்கொள்ளும் இந்திய விமானப்படை வீரர்களும், அங்கு ஜப்பானியருக்கு எதிராக மறைவில் இயங்கும் உளவாளிகளும் பர்மா ராணியின் கதைக்கு மையம். ஹொன்னப்ப பாகவதர், கே. எல். வி. வசந்தா, செருகளத்தூர் சாமா ஆகியோர் முதன்மை வேடங்களில் நடித்தனர். ஜப்பானியப் படை அதிகாரியாக நடித்தவர் இயக்குனர் சுந்தரமே. புராணப் படங்களும் பக்திப் படங்களும் மிகுந்திருந்த காலத்தில் விமானமும் உளவும் சமகாலப் போரும் கொண்ட கதை என்பதால் தமிழ்ச் சாகசப் படங்களின் முன்னோடிகளுள் ஒன்றாக இதைக் கருத இடமுண்டு. கதையின் அடித்தளம் முழுக்கக் கற்பனையன்று. மஜும்தார் தலைமையில் இந்திய விமானப்படையின் முதலாம் அணி 1942-இல் பர்மாவில் போரிட்டது.

மானசம்ரட்சணம் வேறொரு வகையில் கவனத்திற்குரியது. இதன் இயக்குனர் கே. சுப்பிரமணியம், கல்கியின் கதையைத் தியாகபூமி (1939) என்னும் படமாக எடுத்தவர். காங்கிரசுக் கொள்கைகளைப் பரப்புகிறது எனக் கூறி அப்படத்தைப் பிரித்தானிய அரசு பின்னர் தடை செய்தது. அதே இயக்குனர், அதே எஸ். டி. சுப்புலட்சுமியைக் கதைத்தலைவியாகக் கொண்டு, ஐந்தாறு ஆண்டுகளுக்குள் அதே அரசுக்கான போர் ஆதரவுப் படத்தை எடுத்தார். இதனைக் கொள்கை மாற்றம் என எளிதில் முடிவு கட்டிவிட முடியாது. ஜப்பானின் படையெடுப்பை எதிர்ப்பதும் பிரித்தானிய ஆட்சியை எதிர்ப்பதும் ஒன்றுக்கொன்று முரண் அல்ல எனக் கருதியோர் காங்கிரசிலேயே இருந்தனர். மானத்தைக் காத்தல் எனப் பொருள்படும் படத்தின் பெயரும் எந்த அரசரின் பெயரையும் சொல்லவில்லை.

கண்ணம்மா என் காதலி செமினி நிறுவனத்தின் படம். கொத்தமங்கலம் சுப்பு இயக்கிய முதற்படம் இதுவே. எம். கே. இராதா, சுந்தரிபாய் ஆகியோர் நடித்தனர். பர்மா மீதான ஜப்பானியப் படையெடுப்பைப் பின்புலமாகக் கொண்ட காதல் கதையான இப்படத்தின் பெயர் பாரதியாரின் கண்ணன் பாட்டிலுள்ள ஒரு தலைப்பு ஆகும். ஆட்சியாளருக்கு வேண்டிய படத்திற்கு, அவர்களால் துரத்தப்பட்ட கவிஞரின் சொற்கள் பெயராயின. செமினி நிலையம் இருந்த இடம் முன்னர் கே. சுப்பிரமணியத்தின் மோசன் பிக்சர் புரொடியூசர்சு கம்பைன் நிலையமாக இருந்தது. 1941-இல் தீ விபத்துக்குப் பின் ஏலத்தில் எஸ். எஸ். வாசன் அதனை வாங்கினார்.

இந்தியாவின் பிற மொழிகளிலும் இத்தகைய படங்கள் எடுக்கப்பட்டன. அவற்றுள் மிகவும் மதிக்கப்படுவது வி. சாந்தாராமின் டாக்டர் கோட்னிஸ் கீ அமர் கஹானி (1946) என்னும் இந்திப் படம். ஜப்பானியப் படையெடுப்புக்கு ஆளான சீனாவுக்குக் காங்கிரசு 1938-இல் ஐந்து மருத்துவர்களை அனுப்பியது. அவர்களுள் ஒருவரும் 1942 திசம்பரில் சீனாவிலேயே இறந்தவருமான துவாரகநாத் கோட்னிசின் வாழ்க்கையை அப்படம் கூறுகிறது. அரசு கேட்ட ஜப்பானிய எதிர்ப்பும் மக்கள் விரும்பிய காங்கிரசுத் தொண்டும் ஒரே கதையில் அமைந்துவிட்டன. தமிழ்ப் படங்களுக்கு அத்தகைய கதை வாய்க்கவில்லை.

இரண்டு ராணிகள்

பர்மா ராணி தயாரிக்கப்பட்ட காலத்தில் உண்மையான பர்மாவில் வேறொரு ராணியின் பெயரில் ஒரு படை இருந்தது. சுபாசு சந்திர போசு 1943-இல் சிங்கப்பூரில் நிறுவிய ஜான்சி ராணிப் படையே அது. இந்திய தேசிய இராணுவத்தின் பெண்கள் பிரிவான இதற்குச் சென்னை மருத்துவக் கல்லூரியில் பயின்ற மருத்துவர் இலட்சுமி தலைமை தாங்கினார். படையில் சேர்ந்தோரில் பெருந்தொகையினர் மலாயாவின் தமிழ்ப் பெண்கள். இரப்பர்த் தோட்டங்களில் பால் வெட்டியவர்கள் அவர்களுள் பலர். இந்தியாவைத் தாம் பார்த்தே இராதவர்களும் அவர்களில் இருந்தனர். 1944-இல் இப்படையினர் பர்மாவுக்கு வந்து சேர்ந்தனர்.

ஆகவே திரையில் தமிழ் பேசும் ஒரு ராணி பர்மாவில் ஜப்பானியரை எதிர்த்துக்கொண்டிருந்தார். தரையில் தமிழ் பேசும் பெண்கள் அதே பர்மாவில் ஜப்பானியரின் பக்கம் நின்று பிரித்தானியரை எதிர்க்கப் பயிற்சி பெற்றுக்கொண்டிருந்தனர். போர்க்காலத் தணிக்கையினால் இச்செய்தி தமிழ்நாட்டு மக்களுக்குப் பெரும்பாலும் மறைக்கப்பட்டிருந்தது. 1945 மே மாதம் ரங்கூன் மீண்டும் பிரித்தானியர் வசமாயிற்று. ஆகத்தில் போர் முடிந்தது. 1945 நவம்பரில் செங்கோட்டையில் இந்திய தேசிய இராணுவ அதிகாரிகள் மீதான விசாரணை தொடங்கியபோது நாடெங்கும் மக்கள் அவர்கள் பக்கம் திரண்டனர். சில மாதங்களுக்கு முன் வெளிவந்த போர் ஆதரவுப் படங்கள் இதனால் காலத்துக்கு ஒவ்வாதவையாகிப் போயின. இன்று அவற்றைப் பற்றி எழுதப்படுவது மிகக் குறைவாக இருப்பதற்கும் இது ஒரு காரணம் ஆகலாம்.

ஜப்பானியத் தரப்பின் படங்கள்

1937-இல் சீனா மீது முழு அளவிலான போரைத் தொடங்கிய ஜப்பான், 1939-இல் திரைப்படச் சட்டம் ஒன்றைக் கொண்டுவந்தது. படம் எடுப்பதற்கு முன்னரே திரைக்கதையை அரசு தணிக்கை செய்ய இச்சட்டம் வழிசெய்தது. இச்சூழலில் தோகோ நிறுவனம் சீனாவைக் களமாகக் கொண்டு மூன்று காதற் படங்களை வெளியிட்டது. அவை வெள்ளை ஆர்க்கிட் மலரின் பாடல் (1939), சீன இரவுகள் (1940), நெஸ்ஸா நோ சிக்காய் (1940) என்பன. மூன்றிலும் ஹசெகாவா கசுவோ ஜப்பானியக் கதைத்தலைவனாகவும், ரி கோரன் என்னும் நடிகை அவனை விரும்பும் சீனப் பெண்ணாகவும் நடித்தனர்.

சுடுமணலின் சபதம் எனப் பொருள்படும் நெஸ்ஸா நோ சிக்காய் படத்தை வத்தனபே குனியோ இயக்கினார். பெய்ஜிங்கிலும் படப்பிடிப்பு நடைபெற்றது. ஆக்கிரமிக்கப்பட்ட வடசீனாவில் நெடுஞ்சாலை அமைக்கும் பொறியாளனின் கதை இது. சாலை வேலையைத் தடுக்கும் சீனக் கொரில்லாக்கள் கொள்ளைக்காரர்களைப் போலக் காட்டப்படுகின்றனர். சாலை சீன மக்களின் நன்மைக்கே எனக் கதை வலியுறுத்துகிறது. அச்சாலையில் முதலில் யாருடைய சரக்குந்துகள் ஓடும் என்ற கேள்விக்குப் படத்தில் இடமில்லை.

பர்மா ராணியின் விமானியையும் இப்படத்தின் பொறியாளனையும் அருகருகே வைத்துப் பார்த்தால் ஓர் ஒற்றுமை புலப்படும். இருவரும் தொழில்நுட்பம் கற்ற இளைஞர்கள். தம் ஊரிலிருந்து வெகு தொலைவில், வேற்று நாட்டில் கடமையாற்றுபவர்கள். படைத்தலைவனையோ ஆளுநரையோ கதைத்தலைவன் ஆக்கினால் ஆட்சியின் முகம் தெரிந்துவிடும். பொறியாளன் அளவுகோலுடன் வருகிறான். அவனை யாரும் வெறுப்பதில்லை. பரப்புரைக்கு இது மிகவும் வசதியான தேர்வு.

ரி கோரனின் கதை படங்களைவிட வியப்பானது. சீன நடிகை என விளம்பரப்படுத்தப்பட்ட இவர் உண்மையில் யமகுச்சி யொசிகோ என்னும் ஜப்பானியர். 1920-இல் மஞ்சூரியாவில் பிறந்தார். இவருடைய தந்தை தெற்கு மஞ்சூரிய இரயில்வே நிறுவனத்தில் சீன மொழி கற்பித்தவர். போர் முடிந்ததும் சீனத்துரோகி எனச் சாங்காய் நகரில் இவர் மீது வழக்குத் தொடரப்பட்டது. ஜப்பானிலிருந்து வந்த குடும்பப் பதிவேட்டின் படி இவர் சீனக் குடிமகள் அல்லர் என்பது மெய்ப்பிக்கப்பட்டமையால் 1946-இல் விடுவிக்கப்பட்டு நாடு கடத்தப்பட்டார். பிற்காலத்தில் 1974 முதல் 1992 வரை ஜப்பானிய மேலவை உறுப்பினராக இருந்தார். சீனா மீதான படங்களில் நடித்தமைக்கு வருத்தம் தெரிவித்ததோடு, ஜப்பானியப் படையினரால் பாலியல் அடிமைகளாக்கப்பட்ட பெண்களுக்கான நிதியத்திலும் பணியாற்றினார். 2014-இல் காலமானார்.

ஜப்பானியத் தரப்பில் இந்தியர்களைப் பற்றியும் ஒரு படம் திட்டமிடப்பட்டது. பின்னாளில் டோக்கியோ ஸ்டோரி (1953) படத்தால் உலகப் புகழ் பெற்ற ஓசு யசுசிரோ 1943-இல் இராணுவத்தால் சிங்கப்பூருக்கு அனுப்பப்பட்டார். இந்திய தேசிய இராணுவத்தைப் பற்றி, தில்லி நோக்கி என்னும் பொருள்படும் பெயரில் அவர் படம் எடுப்பதாக இருந்தது. போரின் போக்கு மாறியதால் அது நிறைவேறவில்லை. எடுத்த சிறு பகுதியும் போரின் முடிவில் அழிக்கப்பட்டது. அக்காலத்தில் கைப்பற்றப்பட்ட அமெரிக்கப் படங்களைப் பார்ப்பதில் அவர் பெரும்பொழுதைக் கழித்தார். மலாயாத் தமிழர் ஓசுவின் படத்தில் இடம்பெறும் வாய்ப்பு இவ்வாறு கைநழுவியது.

படங்களில் இடம்பெறாதவை

ஜப்பானியப் பொறியாளர்கள் தென்கிழக்காசியாவில் மேற்கொண்ட மிகப் பெரிய வேலை சயாம்-பர்மா இரயில் பாதை ஆகும். 415 கி.மீ. நீளமுள்ள இப்பாதை 1942-இல் தொடங்கப்பட்டு 1943 அக்டோபரில் இணைக்கப்பட்டது. மலையும் காடும் மழையும் நிறைந்த தடத்தில் இவ்வளவு விரைவாகப் பாதை அமைத்தது பொறியியல் நோக்கில் பெரிய செயல் என்பதை மறுக்க முடியாது. ஆனால் அவ்விரைவு மனித உயிர்களைக் கொண்டு வாங்கப்பட்டது. நேச நாடுகளின் போர்க்கைதிகள் 12,000-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். ஆசியத் தொழிலாளரில் இறந்தோர் 80,000 முதல் 1,00,000 வரை இருக்கலாம் என மதிப்பிடப்படுகிறது. அவர்களுள் மலாயாத் தோட்டங்களிலிருந்து ஏமாற்றியும் வலிந்தும் கொண்டுசெல்லப்பட்ட தமிழர் பல்லாயிரவர். போர்க்கைதிகளிடையே சொந்த மருத்துவர்களும் பெயர்ப் பட்டியலும் இருந்தன. தமிழ்த் தொழிலாளருக்கு இரண்டும் இல்லை. கொத்துக் கொத்தாகப் புதைக்கப்பட்ட அவர்களின் எண்ணிக்கை இன்றும் மதிப்பீடாகவே இருப்பதற்குக் காரணம் இதுவே.

எந்தப் போர் ஆதரவுத் தமிழ்ப் படமும் இதனைக் காட்டவில்லை. தணிக்கை இதற்குக் காரணமன்று. 1945-இல் இச்செய்தி தமிழ்நாட்டை முழுமையாக எட்டியிருக்கவில்லை. ஜப்பானியரைக் கொடியவராகக் காட்டக் கற்பனையைத் தேடியவர்களுக்கு உண்மை கிடைத்திருக்கவில்லை என்பது ஒரு வரலாற்று முரண். பின்னர் இலங்கையின் கிதுல்கலையில் படமாக்கப்பட்ட தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய் (1957) இப்பாதையை உலகறியச் செய்தது. அதில் பாலம் கட்டத் தெரியாமல் ஜப்பானியப் பொறியாளர்கள் திணறுவதாகவும் பிரித்தானிய அதிகாரிகள் வழிகாட்டுவதாகவும் வருவது உண்மைக்குப் புறம்பானது. அதிலும் கதை வெள்ளைக் கைதிகளைப் பற்றியதே.

பர்மாவிலிருந்து நடந்து வந்தவர்கள் சற்றுக் காலம் கழித்துத் தமிழ்த் திரைக்கு வந்தனர். பராசக்தி (1952) படத்தின் கதை ரங்கூனில் வாழும் தமிழ்ச் சகோதரர்களிடமிருந்து தொடங்குகிறது. அவர்களுள் ஒருவன் குண்டுவீச்சிலிருந்து தப்பி வரும் வழியில் காலை இழந்து, தாயகத்தில் பிச்சைக்காரனாகிறான். அகதியைத் தாய்நாடு எவ்வாறு வரவேற்றது என்று கேட்ட அப்படத்தில் குற்றவாளிக் கூண்டில் நின்றது ஜப்பான் அன்று.

கடல் கடந்த தமிழரின் போர்க்கால வாழ்வை விரிவாகப் பதிவு செய்தது திரைப்படம் அல்ல, புதினமே. திண்டுக்கல்லுக்குக் கிழக்கே நத்தத்தைத் தாண்டி அமைந்துள்ள சிங்கம்புணரியில் பிறந்த ப. சிங்காரம், இளமையில் இந்தோனேசியாவின் மேடான் நகருக்குச் சென்று வேலை பார்த்தவர். போருக்குப் பின் மதுரையில் தினத்தந்தி நாளிதழில் பணியாற்றினார். ஜப்பானிய ஆட்சியையும் இந்திய தேசிய இராணுவத்தையும் உள்ளிருந்து காட்டும் அவருடைய புயலிலே ஒரு தோணி 1972-இல் நூலாக வெளிவந்தது. அதில் தமிழர் எந்த ஒரு பக்கத்தின் படத்திற்கும் பொருந்தாதவர்களாக, கடைக்கணக்கும் துப்பாக்கியும் ஊர் நினைப்புமாக வருகின்றனர்.